தாயின் பிணையும் மகனின் பிணையும்

ஐக்கிய அமெரிக்காவின் கறுப்பின இளைஞர்களிடையே 1980களில் உருவாகி, பின்னர் உலகமெங்கும் பரவிய ‘கேங்ஸ்டா ராப்’ என்னும் குண்டர் பாட்டைப் பற்றி இரண்டு தீர்ப்புகளே பெரிதும் வழங்கப்பட்டு வந்துள்ளன. ஒழுக்கக் காவலர்கள் அதனை ஆபாசமென்றும், கொலைக்கும் கொள்ளைக்கும் விளம்பரமென்றும் தள்ளிவிடுவர். இரசிகர்களோ அது தெருவின் உண்மைக் குரல், ஆகவே எவரும் அதனை விமர்சிக்கலாகாது என்பர். ஒன்றுக்கொன்று எதிரானவைபோலத் தோன்றும் இவ்விரு தீர்ப்புகளும் ஓரிடத்தில் ஒன்றுபடுகின்றன. இப்பாட்டு எத்தகைய சமுதாய நிலைமைகளிற் பிறந்தது, அதனை யார் வெளியிட்டார், யார் அதனால் இலாபமடைந்தார் என்ற கேள்விகளை இரண்டுமே கேட்பதில்லை.

இக்கேள்விகளைக் கேட்பதற்கு டூபாக் ஷக்கூரின் வாழ்க்கையிலும் சிறந்த எடுத்துக்காட்டு இல்லை என்பது எமது கருத்து. 1971இல் பிறந்து 1996இல் தமது இருபத்தைந்தாவது வயதிற் சுட்டுக் கொல்லப்பட்ட இக்கலைஞர், புரட்சி இயக்கமொன்றின் வீட்டிற் பிறந்தவர். பெருவணிகமொன்றின் வாசலில் மடிந்தவர். இவ்விரண்டு புள்ளிகளுக்கும் இடைப்பட்ட பாதையை விளங்கிக்கொண்டால், ஒடுக்கப்பட்டோரின் கோபம் எவ்வாறு விற்பனைப் பண்டமாக மாற்றப்படுகிறது என்பதையும் விளங்கிக்கொண்டவர்களாவோம்.

முதலில் நிலத்தைப் பார்ப்போம். ராப் என்பது நியூயோர்க் நகரின் தென் பிரொங்ஸ் பகுதியில் 1970களின் முற்பகுதியில் தோன்றியது. 1973 ஆகஸ்ட் மாதம் அங்கு நடந்த வீட்டு விருந்தொன்றை அதன் பிறந்தநாளாகக் கொள்வது வழக்கம். இசைக்கருவி வாங்க வசதியற்ற இளைஞர் இரண்டு இசைத்தட்டுச் சுழலிகளை அருகருகே வைத்து, பழைய தட்டுகளில் தாளம் மாத்திரம் ஒலிக்கும் பகுதியை மீண்டும் மீண்டும் சுழலவிட்டு, அதன்மேல் எதுகையோடு கூடிய பேச்சை அடுக்கினர். நெடுஞ்சாலைக்காகக் குடிமனைகள் இடிக்கப்பட்ட, வாடகைக் கட்டடங்கள் எரிந்து கிடந்த சூழலில் ஏழைகள் தமக்கென ஆக்கிக்கொண்ட கலை அது. தொடக்கத்தில் அது கொண்டாட்டத்தின் கலையாகவே இருந்தது.

அதனைக் குண்டர் பாட்டாக மாற்றியது நாட்டின் மறுகரையிலிருந்த லொஸ் ஏஞ்சல்ஸ் நகரின் நிலைமை. அங்கே கறுப்பினத் தொழிலாளருக்கு நிலையான ஊதியம் தந்த பெருந் தொழிற்சாலைகள் ஒன்றன்பின் ஒன்றாக மூடப்பட்டன. சவுத்கேட் பகுதியிலிருந்த ஃபயர்ஸ்டோன் டயர்த் தொழிற்சாலை 1980இலும், ஜெனரல் மோட்டர்ஸ் கார்த் தொழிற்சாலை 1982இலும் கதவடைத்தன. தந்தையர் வேலை செய்த இடத்தில் மைந்தருக்கு வேலை இல்லை. அந்த வெற்றிடத்துக்குள் ‘கிராக்’ என்னும் மலிவான கொக்கெயின் புகுந்தது. அரசு இதற்குக் கண்ட மருந்து சிறைச்சாலை. 1986ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி, ஏழைகளின் தெருக்களில் விற்கப்பட்ட கிராக் 5 கிராமை விற்பனைக்கென வைத்திருந்தவருக்கும், செல்வர்கள் நுகர்ந்த தூள் கொக்கெயின் 500 கிராமை விற்பனைக்கென வைத்திருந்தவருக்கும் ஒரே குறைந்தபட்சத் தண்டனை: ஐந்தாண்டுச் சிறை. 1980இல் ஏறக்குறைய 5 இலட்சமாக இருந்த அமெரிக்கச் சிறைவாசிகளின் தொகை 1995இல் 15 இலட்சத்தைத் தாண்டிவிட்டது. கொம்ப்டன் நகரத்து இளைஞர்களின் என்.டபிள்யூ.ஏ. குழு பொலிஸாரின் கொடுமையைப் பாடி, 1989இல் மத்தியப் புலனாய்வுத் துறையான எஃப்.பி.ஐ.யின் கண்டனக் கடிதத்தைப் பெற்றது இப்பின்னணியிலேயே. தொழிற்சாலை மூடப்பட்டதைப் பற்றிக் கடிதம் எழுதாத அரசு, பாட்டைப் பற்றி எழுதியது.

இனித் தாயின் கதைக்கு வருவோம். டூபாக்கின் தாய் அஃபேனி ஷக்கூர் கருஞ்சிறுத்தைக் கட்சியின் நியூயோர்க் கிளையைச் சேர்ந்தவர். 1966 ஒக்டோபரில் ஒக்லண்ட் நகரில் ஹியூ நியூட்டனும் பொபி சீலும் தொடங்கிய அக்கட்சி, வேலை, வீடு, கல்வி, பொலிஸ் கொடுமைக்கு முடிவு என்பவற்றைப் பத்து அம்சத் திட்டமாக முன்வைத்தது. வறிய பிள்ளைகளுக்கு இலவசக் காலையுணவும் வழங்கியது. எஃப்.பி.ஐ.யின் தலைவர் ஹூவர் அக்கட்சியை உள்நாட்டுப் பாதுகாப்புக்கு மிகப் பெரும் அச்சுறுத்தலென 1969இல் அறிவித்தார். அவ்வாண்டு ஏப்ரலில் நியூயோர்க்கில் இருபத்தொரு உறுப்பினர்மீது குண்டு வைக்கச் சதி செய்ததாக வழக்குத் தொடரப்பட்டது. அவர்களுள் அஃபேனியும் ஒருவர். டிசம்பரில் சிக்காகோ நகரத் தலைவர் ஃபிரெட் ஹாம்ப்டன் தமது வீட்டில் வைத்தே பொலிஸாராற் சுட்டுக் கொல்லப்பட்டார்.

நியூயோர்க் வழக்கில் ஒவ்வொருவருக்கும் விதிக்கப்பட்ட பிணைத்தொகை 1 இலட்சம் டொலர். கூலி வேலை செய்யும் குடும்பங்களுக்கு அது எட்டாத தொகை. வெளியிலிருந்து பேசவும் நிதி திரட்டவும் வல்லவர் என்று தோழர்கள் கருதியமையால், ஆதரவாளர் சேர்த்த பணத்தைக் கொண்டு அஃபேனி முதலில் மீட்கப்பட்டார். பின்னர் சகபாடிகள் இருவர் தலைமறைவானபோது அவருடைய பிணை இரத்தாகியது. கருவுற்ற வயிற்றோடு அவர் மீண்டும் சிறை சென்றார். சட்டத்தரணியை வேண்டாமென்று தமக்குத் தாமே வழக்காடினார்; கட்சிக்குள் ஒற்றராகப் புகுந்திருந்த பொலிஸ்காரரைத் தாமே குறுக்குவிசாரணை செய்தார். எட்டு மாத விசாரணையின் பின் 1971 மே 13ஆம் திகதி, எஞ்சியிருந்த பதின்மூன்று பேரும் 156 குற்றச்சாட்டுகள் அனைத்திலுமிருந்து விடுவிக்கப்பட்டனர். அடுத்த மாதம் 16ஆம் திகதி பிறந்த மகனுக்கு, ஸ்பானிய ஆட்சிக்கெதிராகக் கிளர்ந்தெழுந்து 1781இற் கொல்லப்பட்ட பெரு நாட்டுப் பழங்குடித் தலைவர் டூபாக் அமாருவின் பெயரைத் தாய் சூட்டினார்.

இந்தப் பிணையை வாசகர்கள் மனதில் இருத்திக்கொள்ள வேண்டும். பலரது கைகள் கூடி ஒரு பெண்ணை மீட்டன. எதற்காக? ஏனையோரையும் மீட்பதற்காக. அது கடனன்று, கடமை.

வழக்கில் வென்ற இயக்கம் வாழ்க்கையில் வெல்லவில்லை. ஒற்றர்களாலும் உட்பகையாலும் சிறையாலும் சிதைக்கப்பட்ட கட்சி 1980களின் தொடக்கத்தில் இல்லாமலே போயிற்று. டூபாக்கின் ஞானத்தந்தையான ஜெரோனிமோ பிராட் கொலைக்குற்றம் சாட்டப்பட்டு 1972இல் தண்டிக்கப்பட்டார். அத்தீர்ப்புத் தவறானதென 1997இல் நீக்கப்பட்டபோது டூபாக் உயிரோடில்லை. மாற்றுத்தந்தை முட்டுலு ஷக்கூர் 1980களின் முற்பகுதி முழுவதும் தலைமறைவாயிருந்து 1986இற் கைதானார். தாய் கிராக் போதைக்கு அடிமையானார். கட்சியின் நிறுவனர் ஹியூ நியூட்டனே 1989 ஆகஸ்டில் ஒக்லண்ட் தெருவொன்றில், போதைப்பொருள் விற்கும் இளைஞன் ஒருவனாற் சுட்டுக் கொல்லப்பட்டார். அப்பொழுது பதினெட்டு வயதான டூபாக், விரிகுடாவின் மறுபக்கத்தில் மரின் சிற்றியின் வறிய குடியிருப்பில் வாழ்ந்துகொண்டிருந்தார்.

இயக்கம் போயிற்று. ஆனால் இயக்கத்தின் சொற்கள் போகவில்லை. அவை இளைஞரின் செவியில் இருந்தன. அவருடைய கல்வியும் சாதாரணமானதன்று. 1984இல், பதின்மூன்று வயதளவில், லொரெய்ன் ஹான்ஸ்பெரியின் புகழ்பெற்ற நாடகமான ‘வெயிலில் ஓர் உலர்திராட்சை’யில் ஹார்லெமின் அப்பொலோ அரங்கில் நடித்தார். பால்டிமோர் கலைப் பள்ளியில் நாடகமும் கவிதையும் நடனமும் பயின்றார். ஷேக்ஸ்பியரின் பாத்திரங்களை ஏற்றார். அந்நகரின் இளம் கம்யூனிஸ்டுகளோடும் அவருக்குத் தொடர்பிருந்தது. குண்டர் வாழ்வைப் பாடியவர் அரங்கப் பயிற்சி பெற்றவர் என்பதைச் சிலர் அவரது போலித்தனத்துக்குச் சான்றாகக் காட்டுவதுண்டு. நாம் அவ்வாறு கருதவில்லை. பிறர் வாழ்வைத் தமதாக்கிப் பேசும் ஆற்றலை அப்பயிற்சியே அவருக்கு அளித்தது. ஆயின் தாம் ஏற்ற வேடம் தம்மையே விழுங்கும் அபாயமும் அதிலேயே இருந்தது. அதனைப் பின்னர் காண்போம்.

1991 நவம்பரில் இண்டர்ஸ்கோப் நிறுவனத்தின் வாயிலாக அவருடைய முதலாவது தொகுப்பு வெளிவந்தது. அதில் பிரெண்டா என்னும் சிறுமியைப் பற்றிய பாடல் தனித்து நோக்கத்தக்கது. பன்னிரண்டு வயதுப் பெண் தன் உறவினனாற் கருவுற்று, பிறந்த குழந்தையைக் குப்பைத் தொட்டியிற் போட்ட செய்தியைப் பத்திரிகையில் வாசித்து டூபாக் அதனை எழுதினார். இத்தகைய பொருளைக் கையிலெடுக்கும் எழுத்தாளன் இரண்டு படுகுழிகளுள் ஒன்றில் விழுவது இயல்பு: ஒன்று கண்ணீர், மற்றது உபதேசம். டூபாக் பெரிதும் இரண்டையும் தவிர்க்கிறார். தந்தையின் போதை, வீட்டாரின் பாராமுகம், கல்வியின்மை, பிழைக்க வழியின்மை என்று ஒவ்வொரு கதவாக அடைபடுவதைக் காட்டுகிறார். எந்த இடத்திலும் சிறுமியைக் குற்றவாளிக் கூண்டில் ஏற்றவில்லை. தனியொருத்தியின் கதையைச் சொல்லி, அயலாரின் பொறுப்பை நினைவூட்டுகிறார். ஒரு பாத்திரத்தின் விதியில் ஒரு வகுப்பின் விதி தெரியவேண்டும் என்பது யதார்த்தவாதத்தின் அடிப்படை விதியானால், அது இங்கே நிறைவேறியுள்ளது என்பதில் ஐயமில்லை.

அதே தொகுப்பில் பொலிஸாரின் கெடுபிடியால் மூச்சுத் திணறும் இளைஞனின் பாடலும் உண்டு. தொகுப்பு வெளிவருவதற்குச் சில வாரங்களுக்கு முன்புதான், ஒக்லண்டில் வீதியை முறைப்படி கடக்கவில்லை என்பதற்காக டூபாக்கைப் பொலிஸார் நிறுத்தித் தாக்கினர். அவர் வழக்குத் தொடர்ந்தார். அது சிறு தொகையோடு சமரசமாக முடிந்தது. பாட்டிற் சொன்னது வீதியில் நடந்தது. ஆனால் 1992இல் டெக்சஸ் மாநிலத்தில் பொலிஸ்காரர் ஒருவரைக் கொன்ற இளைஞனிடம் இத்தொகுப்பின் ஒலிநாடா இருந்ததென்று தெரிந்தவுடன், அப்போதைய உப ஜனாதிபதி டான் குவெய்ல் இதற்குச் சமுதாயத்தில் இடமே இல்லையென முழங்கினார். அவ்வாண்டு ஏப்ரலிற்றான் ரொட்னி கிங்கை அடித்து நொறுக்கிய பொலிஸார் விடுவிக்கப்பட்டு, லொஸ் ஏஞ்சல்ஸ் பற்றியெரிந்து, அறுபதுக்கும் மேற்பட்டோர் மடிந்தனர். எரிந்த நகரத்துக்கு விளக்கம் தேடவேண்டியவர் ஒலிநாடாவிற் குற்றம் தேடினார்.

மொழியைப் பற்றியும் ஒரு சொல் கூறவேண்டும். டூபாக்கின் மொழியில் வசைச்சொற்கள் மலிந்துள்ளன என்பது உண்மை. மக்கள் பேசும் மொழி இலக்கியத்தினுள் நுழைந்தபோதெல்லாம் அதனை ‘இழிசனர் வழக்கு’ என்று ஏளனஞ் செய்தோரை எமது வாசகர் நன்கறிவர். ஒரு சொல் இழிந்ததா உயர்ந்ததா என்பதன்று கேள்வி. அச்சொல் யாரை நோக்கி எறியப்படுகிறது, அதனால் எது வெளிச்சமாகிறது என்பதே கேள்வி. இந்த அளவுகோலை வைத்துக்கொண்டே டூபாக்கை நாம் பாராட்டவும் வேண்டும், கண்டிக்கவும் வேண்டும்.

இங்கே ஒரு கோட்பாட்டுச் சிக்கலை எதிர்நோக்குகிறோம். உற்பத்தியிலிருந்து வெளியே தள்ளப்பட்ட உதிரிப் பாட்டாளிகளைப் பற்றி மார்க்ஸ் கடுமையாகவே எழுதினார். பணத்துக்காகப் பிற்போக்குச் சக்திகளிடம் விலைபோகக்கூடியவர்கள் அவர்கள் என்பது அவர் கணிப்பு. பிரான்ஸ் ஃபனோன் 1961இல் வெளிவந்த தமது நூலில், குடியேற்ற நாடுகளில் இவர்கள் கிளர்ச்சியின் ஈட்டிமுனையாகலாம் என வாதித்தார். கருஞ்சிறுத்தைகள் ஃபனோனைப் பின்பற்றினர். தெருமுனை இளைஞனுக்குக் கட்டுப்பாடும் அரசியற் கல்வியும் அளித்தால் அவன் போராளியாவான் என்றனர். இவ்விரண்டு கூற்றுகளும் முரண்பட்டவை அல்ல. அமைப்பு இருந்தால் ஒன்று உண்மையாகும். இல்லாவிடின் மற்றது உண்மையாகும். டூபாக்குக்குக் கிடைத்தது தாயின் வர்க்கம். கிடைக்காதது தாயின் கட்சி.

அவர் இதனை உணராதவரல்லர். ‘குண்டர் வாழ்வு’ என்னும் பொருள்படும் சொற்களைத் தமது வயிற்றிற் பச்சை குத்திக்கொண்டு, அதற்குத் தாமே ஒரு விரிவுரையும் கூறினார்: குழந்தைகளுக்குச் சமுதாயம் ஊட்டும் வெறுப்பு இறுதியில் எல்லோரையும் அழிக்கும் என்பது அதன் சாரம். 1992இல், லொஸ் ஏஞ்சல்ஸின் பகைக் குழுக்களிடையே சமாதானம் முகிழ்த்த காலத்தில், சிறையிலிருந்த முட்டுலு ஷக்கூரோடு சேர்ந்து தெருக் குழுக்களுக்கு இருபத்தாறு அம்ச ஒழுக்கக் கோவையொன்றை வகுத்தார். சிறுவருக்கும் கர்ப்பிணிகளுக்கும் போதைப்பொருள் விற்கலாகாது, பாடசாலைகளை விட்டு விலகவேண்டும் என்பன போன்ற விதிகள் அதில் இருந்தன. பத்து அம்சத் திட்டத்தையும் இக்கோவையையும் அருகருகே வைத்துப் பார்த்தால் இயக்கத்தின் வீழ்ச்சி கண்ணுக்குத் தெரியும். முன்னது சமுதாயத்தை மாற்றக் கேட்டது. பின்னது சமுதாயம் மாறாது என்று ஏற்றுக்கொண்டு, அழிவைச் சற்று ஒழுங்குபடுத்த முயன்றது. அவ்வாண்டு ஆகஸ்டில் மரின் சிற்றி விழாவொன்றில் டூபாக்கின் தரப்பினருக்கும் வேறு சிலருக்கும் இடையே மூண்ட சச்சரவில், குறி தவறிய குண்டுபட்டு ஆறு வயதுச் சிறுவன் ஒருவன் மாண்டான். கோவையிலுள்ள எந்த விதியும் அச்சிறுவனைக் காப்பாற்றவில்லை.

பெண்கள் விடயத்தில் இம்முரண்பாடு இன்னும் கூர்மையானது. 1993இல் வெளிவந்த இரண்டாவது தொகுப்பில், தனித்து நின்று பிள்ளைகளை வளர்க்கும் கறுப்பினத் தாய்மாரைத் தலைநிமிரச் சொல்லும் பாடலை அவர் பாடினார். 1991இல் லொஸ் ஏஞ்சல்ஸ் கடையொன்றிற் சுட்டுக் கொல்லப்பட்ட பதினைந்து வயது மாணவி லடாஷா ஹார்லின்ஸுக்கு அதனைக் காணிக்கையாக்கினார். கொன்றவருக்கு ஒருநாட் சிறைகூட விதிக்கப்படாத வழக்கு அது. பெண்ணைப் பழிக்கும் ஆண்களை அப்பாடல் நேரடியாகவே கண்டிக்கிறது. ஆயினும் அதே ஆண்டு நவம்பரில், நியூயோர்க் ஹோட்டலொன்றில் இளம்பெண் ஒருவருக்கு இழைக்கப்பட்ட கொடுமை தொடர்பாக டூபாக் கைதானார். 1994 டிசம்பரில் நடுவர் குழு அவரைப் பாலியற் துன்புறுத்தற் குற்றத்துக்காகத் தண்டித்தது. அவர் குற்றத்தை மறுத்தார்; அப்பெண் தன் கூற்றிலிருந்து வழுவவில்லை. இதனைக் கலைஞனின் ‘தனி வாழ்க்கை’ என்று ஒதுக்கிவைக்க நாம் உடன்படோம். அவருடைய பிற்காலப் பாடல்கள் பலவற்றிற் பெண் வேட்டைப் பொருளாகவே வருகிறாள். தாயைத் தெய்வமாக்கிவிட்டு ஏனைய பெண்களைப் பண்டமாக்கும் இப்பார்வை பழைய சமுதாயத்தின் பார்வையே. அதில் எதிர்ப்பு என்று சொல்லத்தக்கது எதுவுமில்லை.

இந்த இரு குரல்களில் எதற்குச் சந்தையில் விலை கிடைத்தது? 1991 மே மாதத்தில் பில்போர்ட் சஞ்சிகை தனது விற்பனைப் பட்டியலைக் கடைக்காரர் சொல்லும் மதிப்பீட்டை விடுத்து, பட்டைக் குறியீட்டின் மூலம் எண்ணப்படும் உண்மைக் கணக்கைக் கொண்டு தயாரிக்கத் தொடங்கியது. அடுத்த மாதமே என்.டபிள்யூ.ஏ. குழுவின் புதிய தொகுப்பு முதலிடத்துக்கு வந்தது. குண்டர் பாட்டைப் புறநகரின் வெள்ளையின இளைஞர் பெருந்தொகையாக வாங்குகின்றனர் என்பது கம்பனிகளுக்கு அப்போது தெளிவாயிற்று. சேரியின் துயரம் அவர்களுக்குத் தேவைப்படவில்லை. சேரியின் துப்பாக்கி தேவைப்பட்டது. ஆபத்தை ஆபத்தில்லாமல் நுகரும் இன்பத்துக்காகவே அவர்கள் பணம் கொடுத்தனர். பிரெண்டாவின் கதையைக் கேட்டால் மனச்சாட்சி உறுத்தும். துப்பாக்கிக்காரனின் கதையைக் கேட்டால் மெய்சிலிர்க்கும். சிலிர்ப்பே அதிகம் விற்கும். ஹியூ நியூட்டனின் மறைவையும் போதைக்கெதிரான போர் என்னும் பெயரில் ஏழைகள்மீது நடந்த போரையும் நினைவுகூரும் பாடலொன்றை டூபாக் 1992இலேயே பதிவுசெய்திருந்தார். அது அவர் உயிரோடிருந்தவரை வெளிவரவில்லை; 1998இலேயே மக்கள் அதனைக் கேட்டனர்.

நீதிமன்றம் தீர்ப்பளிப்பதற்கு முதல்நாள், 1994 நவம்பர் 30இல், நியூயோர்க் ஒலிப்பதிவுக் கூடமொன்றின் வாசலில் டூபாக் சுடப்பட்டார், பிழைத்தார். 1995 பெப்ரவரியில் ஒன்றரை முதல் நாலரை ஆண்டுவரை சிறைத்தண்டனை விதிக்கப்பட்டது. ‘உலகுக்கு எதிராக நான்’ எனப் பொருள்படும் மூன்றாவது தொகுப்பு அவர் சிறையிலிருந்தபோதே விற்பனைப் பட்டியலின் முதலிடத்தைப் பெற்றது. அவருடைய தொகுப்புகளுள் இதுவே முழுமையானது என்பது எமது கணிப்பு. சாவின் நிழல், நண்பரின் இழப்பு, சிறுபருவத்தின் பசி என்பன இதில் ஆரவாரமின்றிப் பேசப்படுகின்றன. போதைக்கு அடிமையான தாயைக் குற்றஞ்சாட்டாமலும் மறைக்காமலும், அவள் பட்ட பாட்டை எண்ணி நன்றி கூறும் பாடலும் இதிலேயே உள்ளது. அத்தாயை வறுமையும் இயக்கத்தின் தோல்வியும் சேர்ந்தே வீழ்த்தின என்பதை அறிந்து கேட்போருக்கு, அது ஒரு தனிமகனின் நன்றியாக மட்டும் ஒலிக்காது.

இனி இரண்டாவது பிணை. மேன்முறையீடு முடியும்வரை வெளியே வர டூபாக்குத் தேவைப்பட்ட தொகை 14 இலட்சம் டொலர். இம்முறை அதனைத் திரட்ட இயக்கம் எதுவும் இல்லை. 1995 ஒக்டோபரில் சூஜ் நைற்றின் டெத் ரோ நிறுவனமும் அதன் பின்னிருந்த இண்டர்ஸ்கோப்பும் பிணைக்கு ஏற்பாடு செய்தன. விலை: மூன்று தொகுப்புகள். இசைத்தட்டு வணிகத்தின் இயல்பை அறியாதோருக்கு ஒன்று கூறுவோம். கம்பனி கலைஞனுக்குக் கொடுப்பது பெரும்பாலும் முற்பணம். ஒலிப்பதிவுச் செலவு, படப்பிடிப்புச் செலவு முதலியன அவனுடைய பங்கிலிருந்தே கழிக்கப்படும். கடன் தீர்ந்த பின்னரே அவன் கைக்குக் காசு வரும். மூலப்பதிவின் உரிமையோ பொதுவாகக் கம்பனியிடமே தங்கும். விதைநெல்லைக் கடனாகக் கொடுத்து விளைச்சலை அள்ளிச் செல்லும் நிலக்கிழானின் கணக்குக்கும் இதற்கும் பெரிய வேறுபாடில்லை. தாயின் பிணை அவரை ஏனையோருக்காக உழைக்க விடுவித்தது. மகனின் பிணை அவரை வேறொரு சிறைக்கு மாற்றியது.

கம்பனிக்கு மேலும் கம்பனி உண்டு. இண்டர்ஸ்கோப்பின் பாதிப் பங்கு டைம் வோர்ணர் என்னும் பெருநிறுவனத்திடம் இருந்தது. குடியரசுக் கட்சித் தலைவர் பொப் டோல் முதலானோரின் கண்டனங்களுக்கு அஞ்சி அந்நிறுவனம் 1995இல் அப்பங்கைக் கைவிட்டது. ஒழுக்கத்தின் வெற்றியென்று சிலர் மகிழ்ந்தனர். சில மாதங்களில், 1996 பெப்ரவரியில், சீக்ரம் மதுபான நிறுவனத்துக்குச் சொந்தமான எம்.சி.ஏ. கம்பனி அதே பாதிப் பங்கை 20 கோடி டொலருக்கு வாங்கிக்கொண்டது. சாராயம் விற்ற பணம் குண்டர் பாட்டை வாங்கியது. கண்டனம் பண்டத்தை அழிக்கவில்லை, உரிமையாளரை மாற்றியது.

அந்தப் பெப்ரவரியிலேயே, சிறையிலிருந்து வெளிவந்தவுடன் இராப்பகலாகப் பதிவுசெய்த இருபத்தேழு பாடல்களோடு ‘எல்லோர் கண்களும் என்மேல்’ எனப் பொருள்படும் இரட்டைத் தொகுப்பு வெளிவந்தது. முதல் வாரத்திலேயே 5 இலட்சத்துக்கு மேல் விற்றது. ஓராண்டு இடைவெளியில் வந்த இவ்விரு தொகுப்புகளின் தலைப்புகளே ஒரு வரலாற்றைக் கூறுகின்றன. முதலில் உலகை எதிர்த்து நின்றவர், பின்னர் உலகின் பார்வைக்கு வைக்கப்பட்ட பொருளானார். தாளக்கட்டிலும் குரல்வளத்திலும் பிந்தியதே செழுமையானது என்பதை மறுக்க முடியாது. ஆயினும் அதில் மது, பணம், பெண், பழி என்பனவே திரும்பத் திரும்ப வருகின்றன. பிரெண்டா அங்கே இல்லை. இடையிடையே தலைகாட்டும் மரண பயம் மட்டுமே, முகமூடியின் பின்னால் ஒரு மனிதன் இன்னும் இருக்கிறான் என்று நினைவூட்டுகிறது.

இக்காலத்தில் வந்த வசைப்பாட்டொன்று இன்னும் வருந்தத்தக்கது. முன்னர் பொலிஸாரையும் அரசையும் நோக்கிய சினம், இப்பொழுது நொட்டோரியஸ் பி.ஐ.ஜி. என்னும் நியூயோர்க் பாடகர்மீது திரும்பியது. யார் அவர்? ஜமேக்காவிலிருந்து குடியேறிய ஆசிரியை ஒருவரின் மகன். புரூக்ளின் தெருக்களிற் போதைப்பொருள் விற்றுப் பிழைத்துப் பாட்டால் மேலே வந்தவர். தம்மைப் போன்ற இன்னொருவர். இப்பகையைச் சஞ்சிகைகள் ஊதிப் பெருக்கின. கம்பனிகள் இரு பக்கத்துத் தட்டுகளையும் விற்றன. ஒடுக்கப்பட்டோர் ஒருவரையொருவர் வைதுகொள்ளும்போது மேலிருப்போர் காவல் போட வேண்டியதில்லை. நுழைவுச்சீட்டு விற்றாற் போதும்.

1996 செப்டெம்பர் 7ஆம் திகதி லாஸ் வேகாஸ் நகரில் குத்துச்சண்டைப் போட்டியொன்று முடிந்த பின், ஹோட்டலில் எதிர்க்குழு இளைஞன் ஒருவனை டூபாக்கும் உடன்வந்தோரும் தாக்கினர். அன்றிரவே, சூஜ் நைற் ஓட்டிச்சென்ற காரில் வைத்து டூபாக் சுடப்பட்டார். ஆறு நாட்களின் பின் இறந்தார். அடுத்த மார்ச்சில் நொட்டோரியஸ் பி.ஐ.ஜி.யும் லொஸ் ஏஞ்சல்ஸிற் சுட்டுக் கொல்லப்பட்டார். டூபாக் கொலை தொடர்பாக ஒருவர் கைதானது 2023 செப்டெம்பரிலேயே. இடையில் இருபத்தேழு ஆண்டுகள். பாட்டைக் கண்காணிப்பதில் அத்துணை விழிப்பாயிருந்த சட்டம், பாடியவனின் கொலையில் அத்துணை உறக்கம் கொண்டது.

வணிகமோ உறங்கவில்லை. வாழ்நாளில் அவர் வெளியிட்ட தனித் தொகுப்புகள் நான்கு. இறந்த பின் வெளிவந்தவை அதனிலும் அதிகம். 1997இல் மகனின் பாடல்களுக்குரிய வருவாயைக் கேட்டுத் தாய் டெத் ரோ நிறுவனத்துக்கெதிராக வழக்கிட வேண்டியிருந்தது. 2012இல் கலிபோர்னியாவின் கோச்செல்லா இசைவிழாவில், ஒளியினால் உருவாக்கப்பட்ட டூபாக்கின் உருவம் மேடையேறிப் பாடியது. மறுத்துப் பேசாத, வழக்குத் தொடராத, களைப்பறியாத பாடகன் கம்பனிகளின் நெடுநாட் கனவு. 2010இல் தாயைப் பற்றிய அவரது பாடலை அமெரிக்கக் காங்கிரஸ் நூலகம் தேசியப் பதிவேட்டிற் சேர்த்தது. அத்தாயின் கட்சியைப் பேரச்சுறுத்தலென்று ஒருகாலத்திற் குறித்து வைத்த அரசே, அத்தாயைப் பற்றிய பாட்டைத் தேசியச் செல்வமாகப் பதிந்து வைத்தது. 2016இல் மறைந்த அஃபேனி இரண்டையும் கண்ணாற் கண்டார்.

இத்தகைய கலைஞரை நாம் எங்கே வைப்பது? வீரராக வைப்பது பிழை. அவர் தீங்கிழைத்த பெண்ணுக்கும், துப்பாக்கிப் பெருமையால் வழிதவறிய சிறுவர்க்கும் அது அநீதி. குண்டரென்று புறந்தள்ளுவதும் பிழை. பிரெண்டாவைப் பார்த்த கண்ணுக்கு அது அநீதி. திறமையும் நேர்மையும் கோபமும் ஒருங்கே வாய்த்த ஓர் இளைஞர், அக்கோபத்தைத் தாங்கி நடத்தும் அமைப்பு இல்லாமையால், அதனை விலைகொடுத்து வாங்க வந்த முதற் கைக்கு விற்க நேர்ந்தது. அவருடைய குறைகளை அவரே சுமக்க வேண்டும். அவருடைய தனிமையை அவர் மட்டும் சுமக்க வேண்டியதில்லை. தாயைச் சிறையிலிருந்து மீட்க ஓர் ஊர் இருந்தது. மகனை மீட்க ஒரு கம்பனி மாத்திரமே இருந்தது என்றால், அந்த ஊரை அழித்தவர் யார் என்று கேட்பதே விமர்சகனின் முதற் கடமை.

வகுப்பறைகளில் மாணவர் இன்று இப்பாட்டுகளைச் செவியிற் பொருத்திக்கொண்டு வருகின்றனர். தடைசெய்வதால் ஆவதொன்றுமில்லை; தலையசைத்து இரசிப்பதாலும் ஆவதொன்றுமில்லை. முதற் தொகுப்பையும் கடைசித் தொகுப்பையும் அவர்கள் முன் வைத்து, இடைப்பட்ட ஐந்து ஆண்டுகளில் எதிரி யாராக இருந்து யாராக மாறினான் என்று கேட்கும் ஆசிரியர், ஒரு நல்ல இலக்கியப் பாடத்தோடு ஒரு நல்ல அரசியற் பாடத்தையும் நடத்தியவராவார்.